மன்னாரில் வளர்ந்த மலைநாட்டரசி

எங்கள் புத்தளக் கரைக்கு அரசியர் கதைகள் புதியனவல்ல. விசயன் வந்திறங்கிய தம்பபண்ணி இக்கரையே என்பாரும் உளர். அவ்விசயனுக்குத் தன்னையும் தன் நாட்டையும் ஈந்து, பின்னர் அவனாலேயே கைவிடப்பட்ட குவேனியின் கதையை ஆதலின் எம்மூரவர் தம்மூர்க் கதையாகவே சொல்வர். வடக்கே, வில்பத்துக் காடு கடலைத் தொடும் குதிரைமலை முனையிலிருந்து முத்துக்கடலை ஆண்டவள் அல்லியரசாணி என்பது எம் பாட்டிமார் எமக்குச் சொல்லிய கதை. இவ்விருவரும் செவிவழி வாழ்பவர்கள். ஆண்டும் திங்களும் குறிக்கப்பட்டு ஏட்டில் வாழும் அரசி ஒருத்தியும் இக்கடலோடு தொடர்புடையவளாய் இருக்கின்றாள். அவளை எம்மூரில் எவரும் பாடுவதில்லை, கதையாகச் சொல்வதுமில்லை. கண்டி மலைநாட்டின் அரசுரிமையோடு பிறந்து, மன்னார்க் கடற்கரையில் வளர்ந்து, படையொன்றின் நடுவே மீண்டும் மலைக்குக் கொண்டுசெல்லப்பட்ட குசுமாசனதேவியே அவள். போர்த்துக்கேயர் அவளுக்கு இட்ட பெயர் டோனா கதரீனா.

பாடசாலையில் தமிழ் கற்பிப்பதே என் தொழில். ஆயினும் கரையோரச் சிற்றூர்ப் பாடசாலைகளில் ஆசிரியர் பற்றாக்குறை தீர்ந்த காலம் எது? வரலாற்றுப் பாடத்தையும் பல ஆண்டுகளாக நானே நடத்தி வருகிறேன். அவ்வாண்டுகளிலெல்லாம் குசுமாசனதேவியை ஒரே வாக்கியத்தில் முடித்துவிடுவேன். கொனப்பு பண்டாரன் அவளை மணந்து தன் அரசுரிமையை உறுதிப்படுத்திக்கொண்டான் என்பதே அவ்வாக்கியம். பரீட்சைக்கு அதற்குமேல் வேண்டியதில்லை.

சில மாதங்களுக்கு முன் அப்பாடம் முடிந்தபின் மாணவி ஒருத்தி என்னிடம் வந்தாள். பதினாறு வயதினள். அவள் குடும்பம் மன்னாரிலிருந்து வந்தது. 1990-ஆம் ஆண்டு ஐப்பசித் திங்களில் வடமாகாண முஸ்லிம்கள் விடுதலைப் புலிகளால் தம் ஊர்களைவிட்டு வெளியேற்றப்பட்டபோது, அவளுடைய பாட்டி, கைக்குழந்தையாயிருந்த அவள் தாயை மார்போடு அணைத்துக்கொண்டு, படகேறிக் கற்பிட்டியில் வந்திறங்கியவர். மன்னாரிலிருந்து அழைத்துச் செல்லப்பட்ட அந்தப் பெண்ணிடம் அவள் விருப்பம் யாதென எவரேனும் கேட்டார்களா, மணந்தவன்மேல் அவளுக்கு அன்பு இருந்ததா என்று அம்மாணவி என்னை வினவினாள். நான் உரிய விடை கூறவில்லை. பரீட்சையில் அது வராது என்று சொல்லி அனுப்பிவிட்டேன். அன்றிரவு அச்சொல் என்னையே சுட்டது. கேட்ட கேள்விக்கு விடை தெரியாவிட்டால் தேடிப் பார்ப்பதன்றோ ஆசிரியன் கடன்? பழைய ஏடுகளை மீண்டும் எடுத்துப் புரட்டினேன். அவற்றில் கண்டதை முறைப்படுத்தி எழுதுவதே இக்கட்டுரை.

பதினாறாம் நூற்றாண்டின் பிற்பாதியில் இலங்கையின் தென்புலம் மூன்று அரசுகளாய்ப் பிரிந்து கிடந்தது. கோட்டையரசன் தர்மபாலன் போர்த்துக்கேயரின் நிழலில் ஒதுங்கி, 1557-இல் அவர்தம் சமயத்தைத் தழுவி, 1580-இல் தன் நாட்டையே போர்த்துக்கல் மன்னனுக்கு நன்கொடையாக எழுதிக் கொடுத்தான். சீதாவாக்கையிலிருந்து ஆண்ட முதலாம் இராசசிங்கன் போர்த்துக்கேயரைக் கொழும்புக் கோட்டைக்குள் முடக்கி வைத்திருந்த பெருவீரன். இவ்விருவருக்கும் அப்பால், மலைகளையே மதிலாகக் கொண்டு நின்றது கண்டி. தாழ்நிலத்திலிருந்து அம்மலைநாட்டுக்கு ஏறும் வாயில் பலனைக் கணவாய். பலன என்னும் சிங்களச் சொல்லுக்குப் பார்த்தல் என்பது பொருள். பகைவர் படை வருகிறதா என்று பார்த்துக்கொண்டே இருக்கவேண்டிய எல்லை அது. அந்த எல்லையைக் கடப்பதும், கடந்தவர் மீளாது போவதுமே அடுத்த அறுபது ஆண்டுக் கண்டி வரலாறு எனலாம்.

குசுமாசனதேவியின் தந்தை கரலியத்தை பண்டாரன், கண்டியின் அரசன். போர்த்துக்கேயரோடு நட்புப் பூண்டு அவர்தம் சமயத்தையும் தழுவியவன். 1582-ஆம் ஆண்டளவில் இராசசிங்கன் மலைநாட்டின்மேற் படையெடுத்தான். எதிர்த்து நிற்க இயலாத கரலியத்தை பண்டாரன் குடும்பத்தோடு கிழக்கு நோக்கி ஓடித் திருகோணமலையை அடைந்தான். வாளுக்குத் தப்பியவன் நோய்க்குத் தப்பவில்லை. அங்கே வைசூரி கண்டு மாண்டான். அவன் விட்டுச்சென்றவை இரண்டு: இழந்த ஓர் அரசு, அதற்கு உரிமையுடைய ஒரு பெண்குழந்தை. அக்குழந்தையை அவன் மருமகன் யமசிங்க பண்டாரன் காத்துக் கொண்டுசென்றான். இருவரும் போர்த்துக்கேயரின் பாதுகாப்பில் மன்னாரை அடைந்தனர். அங்கே யமசிங்கன் டொம் பிலிப் ஆனான்; குழந்தை டோனா கதரீனா ஆனாள்.

மன்னார் அக்காலத்தில் எத்தகைய ஊர் என்பதை ஈண்டு எண்ணிப் பார்த்தல் வேண்டும். 1544-இல் யாழ்ப்பாணத்தரசன் சங்கிலி, புதிதாக மதம் மாறிய மன்னார் மக்களைக் கொல்வித்த செய்தி நம் வாசகர் அறிந்ததே. 1560-இல் யாழ்ப்பாணத்தின்மேற் படையெடுத்த போர்த்துக்கேயர், அதனைக் கைக்கொண்டு நிலைக்க இயலாமல் மன்னாரில் வந்து கோட்டை கட்டிக்கொண்டனர். முத்துக்குளிப்பால் செழித்த அக்கரையில் பரதவரும் பிறருமாய்த் தமிழ் பேசும் மக்களே நிறைந்திருந்தனர். சிங்கள அரசமகள் ஒருத்தி, போர்த்துக்கேயரின் வளர்ப்பில், தமிழூரில் வளர்ந்தாள். கோட்டைக்குள் அவளுக்குக் கற்பிக்கப்பட்டது போர்த்துக்கேயரின் மொழியும் செபமும். கோட்டைக்கு வெளியே அலையோசையோடு வந்து அவள் செவியில் விழுந்த மொழி எதுவாயிருக்கும் என்பதை நான் சொல்லவேண்டுவதில்லை. மலையில் பிறந்தவள் மலையைக் காணாமலே வளர்ந்தாள்.

இனி, அவளை மணந்தவனைப் பற்றிக் காண்போம். கண்டியை வென்ற இராசசிங்கனுக்குத் துணைநின்றவருள் பேராதனைப் பிரபுவான வீரசுந்தரன் ஒருவன். நாளடைவில் அவன்மேல் ஐயங்கொண்ட இராசசிங்கன் அவனை வஞ்சகமாகக் கொல்வித்தான். வீரசுந்தரனின் மகனே கொனப்பு பண்டாரன். தந்தையை இழந்த அவன் எல்லை கடந்து கொழும்புக்கு ஓடிப் போர்த்துக்கேயரிடம் அடைக்கலம் புகுந்தான். அவர்கள் அவனுக்கு ஞானஸ்நானம் அளித்து, 1571-இல் லெப்பாந்தோக் கடற்போரில் துருக்கரை வென்ற தளபதியின் பெயரையே சூட்டி, ஆஸ்திரியாவின் டொம் ஜொவாம் என்று அழைத்தனர். கோவாவிலும் சிலகாலம் இருந்து அவர்தம் படைக்கலப் பயிற்சியையும் போர்முறையையும் கண்டறிந்து மீண்டான். இராசசிங்கன் என்னும் ஒருவனால் தந்தையையும் நாட்டையும் இழந்து, போர்த்துக்கேயரின் வீட்டில் அவர் இட்ட பெயரோடு வாழ்ந்த இருவர், கொழும்பில் ஓர் இளைஞனும் மன்னாரில் ஒரு சிறுமியுமாக, ஒருவரையொருவர் அறியாது இருந்தனர்.

1591-ஆம் ஆண்டளவில் கண்டியில் இராசசிங்கனுக்கு எதிராகக் கலகம் மூண்டது. அதனைப் பயன்படுத்திப் போர்த்துக்கேயர் டொம் பிலிப்பை மலைக்கு அனுப்பி அரசனாக்கினர். அவனுக்குத் துணையாகப் படை நடத்திச் சென்றவன் கொனப்பு பண்டாரன். முடிசூடிய டொம் பிலிப் விரைவிலேயே இறந்துபட்டான். நஞ்சூட்டப்பட்டான் என்னும் ஐயம் அன்றே எழுந்தது. ஐயத்துக்கு உரியவனாக நின்றவன் கொனப்புவே. பிலிப்பின் மகனோ சிறுவன். போர்த்துக்கேயக் காவற்படையைக் கன்னொறுவையிலிருந்து விரட்டிவிட்டுக் கொனப்பு தானே அரசனானான். போர்த்துக்கேயர் இட்ட பெயரையும் சமயத்தையும் களைந்து, விமலதர்மசூரியன் என்னும் பட்டப்பெயர் பூண்டு பௌத்தனாக மீண்டான். தன் கைவிட்டுப் போன மலைநாட்டை மீட்க வந்த முதிய இராசசிங்கனைப் பலனையில் எதிர்த்து வென்றான். திரும்பும் வழியில் காலில் மூங்கில் முள் தைத்துப் புண் முற்றி இராசசிங்கன் 1593-இல் மாண்டான். அவனோடு சீதாவாக்கையின் சிறப்பும் மறைந்தது.

வெற்றி பெற்றவனிடம் ஒன்று மட்டும் இல்லை. மக்கள் மனமொப்பும் அரசுரிமை அவனிடம் இல்லை. அது மன்னாரில் வளர்ந்துகொண்டிருந்தது. இதனை அவனும் அறிவான், போர்த்துக்கேயரும் அறிவர். 1594-இல் தளபதி பேரோ லோப்பஸ் த சூசா பெரும்படை திரட்டினான். அப்படைக்கு அறிவும் கையுமாக இருந்தவன் ஜயவீர பண்டாரன் என்னும் முதலியார். லஸ்கரின்கள் எனப்பட்ட சுதேச வீரர்கள் அவன் சொற்கே கட்டுப்பட்டவர்கள். கண்டியைக் கைப்பற்றுவதற்குப் பீரங்கியினும் வலிய கருவியொன்று வேண்டுமென்று எண்ணி, மன்னாரிலிருந்து கதரீனாவை வருவித்தனர். ஆண்டுகளுக்கு முன் அரசு இழந்து போன குழந்தை, இப்போது மடந்தைப் பருவத்தினளாய், அரசு பெறுவதற்கென்று படையின் நடுவே வைத்துக் கொண்டுசெல்லப்பட்டாள்.

முதலில் எல்லாம் எளிதாகவே நடந்தது. பலனைக் கணவாயைப் படை கடந்தது. விமலதர்மசூரியன் எதிர்நில்லாது காட்டுக்குள் விலகினான். கதரீனா கண்டியில் அரசியாக முடிசூட்டப்பட்டாள். கரலியத்தை பண்டாரனின் மகள் என்று மக்களும் மகிழ்ந்தனர். மகிழ்ச்சி நீடிக்கவில்லை. அரசியைச் சூழ்ந்து நின்றவர் அனைவரும் போர்த்துக்கேயரே. தம் பெருமக்களை அவளிடம் அணுகவும் விடார். போர்த்துக்கேயப் பிரபு ஒருவனுக்கு அவளை மணமுடிக்கப்போகின்றனர் என்னும் வதந்தி ஊரெங்கும் பரவியது. பட்டம் தங்கள் அரசிக்கு; ஆட்சி அன்னியனுக்கு என்பதை மலைநாட்டார் உணர்ந்துகொண்டனர். உணவுப் பொருள்கள் படைக்கு வருதல் குறைந்தது. காட்டிலிருந்த விமலதர்மசூரியன் வழிகளை அடைத்தான். ஜயவீரன் தங்களைக் காட்டிக்கொடுப்பதாக எண்ணச்செய்யும் ஓலையொன்று போர்த்துக்கேயர் கையில் கிடைக்கும்படியும் செய்தான். தளபதி ஆராய்ந்து பார்க்கவில்லை. ஜயவீரன் கொல்லப்பட்டான். தலைவனை இழந்த லஸ்கரின்கள் ஒரேயிரவில் கலைந்து மறுபக்கம் சேர்ந்தனர்.

எஞ்சிய படை அரசியையும் உடன்கொண்டு பின்வாங்கத் தொடங்கியது. மலைப்பாதையில் இருமருங்கும் மரங்களுக்கிடையே நின்று அம்பும் குண்டும் பொழிந்தனர் கண்டியர். 1594-ஆம் ஆண்டு ஐப்பசித் திங்கள் 9-ஆம் நாள், பலனைக்கு அண்மையில் உள்ள தந்துறையில் அப்படை அழிந்தது. தப்பிப் பிழைத்தோர் மிகச் சிலர். தளபதி லோப்பஸ் த சூசாவும் மாண்டான். கதரீனா விமலதர்மசூரியன் கைப்பட்டாள். அவன் அவளை மணந்தான். பாடநூலின் ஒரு வாக்கியம் இங்கேதான் வருகிறது.

புறத்துறைகளுள் மகட்பாற் காஞ்சி என்பது ஒன்று. வேந்தன் மகளைக் கேட்பான், தந்தை மறுப்பான், ஊர் பாழாகும். அத்துறையில் அமைந்த செய்யுள்களை எத்தனையோ முறை பொருள்விரித்து நடத்தியிருக்கிறேன். வேந்தன் சினம், தந்தையின் மானம், எரிபரந்த ஊர், பாடிய புலவரின் இரக்கம் என்று அனைத்தையும் விளக்குவேன். அப்பெண் அச்செய்யுள்களில் வாய்திறப்பதில்லை என்பது, அம்மாணவி கேட்ட பின்னரே எனக்கு உறைத்தது. பறம்புமலை வீழ்ந்தபின் ஆதரவற்று நின்ற பாரி மகளிர்க்காவது தம் துயரைச் சொல்ல ஒரு பாட்டு வாய்த்தது. தந்துறைக் களத்திலிருந்து அழைத்துச் செல்லப்பட்டவளுக்கு அதுவும் வாய்க்கவில்லை. அன்று அவளிடம் எவரும் எதுவும் கேட்டதாக எந்த ஏடும் சொல்லவில்லை. அம்மாணவியின் முதற் கேள்விக்கு விடை இதுவே. மறைப்பதற்கில்லை.

ஆயின், இரண்டாவது கேள்விக்கு விடை அத்துணை எளிதன்று. பிடிபட்டவளாய்ப் புகுந்த அரண்மனையில் அவள் எவ்வாறு வாழ்ந்தாள் என்பதைக் காட்டும் சில செய்திகளை ஒல்லாந்தர் எழுதிவைத்துள்ளனர். 1602-இல் யோரிஸ் ஸ்பில்பேர்கன் என்னும் ஒல்லாந்தக் கடற்றலைவன் மட்டக்களப்பில் இறங்கிக் கண்டிக்குச் சென்றான். விமலதர்மசூரியன் அவனை வரவேற்று, வேற்று நாட்டான் எவனும் எளிதிற் புகாத அந்தப்புரத்துக்கே அழைத்துச் சென்றான். அங்கே அரசி கதரீனா தன் மகனோடும் மகளோடும் வீற்றிருந்தாள். அவர்கள் அணிந்திருந்தவை ஐரோப்பிய முறையில் அமைந்த உடைகள். தலதாவைத் தெல்கமுவையிலிருந்து கொணர்ந்து கண்டியில் கோயில் எடுத்தவன், அரக்கான் தேசத்திலிருந்து பிக்குகளை வருவித்துச் சங்கத்தைப் புதுப்பித்தவன், தன் மனைவி சிறுவயதில் கற்ற நடையுடையை மாற்றும்படி வற்புறுத்தவில்லை என்பது இதனாற் பெறப்படும். ஒல்லாந்தர் கோட்டை கட்டுவதானால் தானும் தன் அரசியும் மக்களும் கல் சுமக்கவும் ஆயத்தம் என்று அவன் கூறியதாகவும் அக்குறிப்பு உரைக்கின்றது. போர்த்துக்கேயரை எதிர்க்கும் உறுதியைச் சொல்லும்போதும் அவளை விட்டுவிட்டு அவன் பேசவில்லை.

மறுவருடம், 1603-இல், செபால்ட் த வீர்ட் என்னும் வேறோர் ஒல்லாந்தத் தலைவன் மட்டக்களப்புக்கு வந்தான். அரசனோடு கூடிப் போர்த்துக்கேயரை எதிர்ப்பதென்பது உடன்பாடு. ஆனால் அவன் கடலிற் பிடித்த போர்த்துக்கேயரை விடுதலை செய்துவிட்டான். அரசன் அதனால் வெகுண்டிருந்தான். அந்நிலையில் கப்பலுக்கு வருமாறு அரசனை அழைக்க, அரசன் மறுத்தான். தன் அரசியைத் தனியே விட்டிருக்க விரும்பாததையும் அவன் சுட்டினான். குடிமயக்கத்திலிருந்த த வீர்ட் அரசியைப் பற்றி இழிவாக ஒரு சொல் சொன்னான். அச்சொல்லுக்குப்பின் அவன் உயிரோடு தன் கப்பலுக்குத் திரும்பவில்லை. அவனும் அவனோடு வந்தோரும் அரசன் ஆட்களால் வெட்டுண்டனர். போர்த்துக்கேயரை நாட்டைவிட்டு அகற்றுவதற்கு அவன் பல்லாண்டுகளாக எதிர்பார்த்திருந்த துணை ஒல்லாந்தரின் கடற்படையே. அத்துணை ஒரு கணத்தில் அறுந்துபோவதற்கும் அவன் துணிந்தான். அரசியல் கணக்கால் மட்டும் மணந்தவன் கணக்கை மறந்து இவ்வாறு செய்வானா? சினமும் ஐயமும் அவன் இயல்பில் இருந்தன என்பது உண்மையே. ஆயினும் அச்சினம் பற்றியெரிந்த இடம் அவள் பெயர் என்பதையும் நாம் கருத்திற் கொள்ளவேண்டும்.

அதே 1603-இல் தளபதி அசவேடோ பலனைக் கோட்டையைப் பிடித்தான். மலைநாடு வீழ்ந்ததென்றே பலரும் எண்ணினர். லஸ்கரின்கள் மீண்டும் கலகஞ்செய்தனர். வந்த வழியே, உணவின்றி, அடியடியாகப் போரிட்டுக்கொண்டு அசவேடோ கொழும்புக்கு மீளவேண்டியதாயிற்று. எல்லை மலை இரண்டாம் முறையும் காத்தது. ஆயின், மறுவருடம், 1604-இல், விமலதர்மசூரியன் நோயுற்று இறந்தான். பத்தாண்டு இல்லறம் முடிந்தது.

மீண்டும் அவள் அரசுரிமைச் சின்னமானாள். அரசனின் உறவினனும் துறவு களைந்தவனுமான செனரதன், ஊவாவின் இளவரசனோடு போட்டியிட்டு அவனை அகற்றி அரியணை ஏறினான். ஏறியவன் கதரீனாவை மணந்தான். முதல் மணத்தை நடத்திவைத்தது தந்துறைப் போர். இரண்டாவது மணத்தையும் நடத்திவைத்தது பதவிப் போட்டியே. செனரதனுக்கு அவள் குமாரசிங்கன், விசயபாலன், இராசசிங்கன் என்னும் மைந்தர் மூவரைப் பெற்றாள். இளையவன் 1608-இல் மகியங்கனையில் பிறந்தான் என்பர். போர்த்துக்கேயர் படை மலைக்கு வரும்போதெல்லாம் தலைநகரைக் கைவிட்டுக் காட்டுக்குள் விலகுவதும், அவர் போனபின் மீள்வதும் கண்டியின் போர்முறை. 1611-இல் அசவேடோவின் படை கண்டி நகரை எரியூட்டியது. இம்முறையை ஆடவர் போர்த்தந்திரம் என்று புகழ்வர். கைக்குழந்தைகளோடு அதனைச் செய்தவளுக்கு அது வெறும் ஓட்டம். குழந்தையாய்த் திருகோணமலைக்கு ஓடியவள், தாயாய் ஓடக் கற்றுக்கொண்டாள்.

அவளுடைய இறுதிக் காலத்தை, அப்போது கண்டி அரசவையிலிருந்த ஒல்லாந்தத் தூதன் பொஸ்ஹோவர் வழியாக நாம் அறிகிறோம். பிற்காலத்தில் யாழ்ப்பாணத்தில் போதகராயிருந்த பால்டேயஸ், 1672-இல் வெளிவந்த தம் நூலில் அவற்றைச் சேர்த்துள்ளார். விமலதர்மசூரியனுக்குப் பிறந்த மூத்த மகன் 1612-இல் இறந்தான். பட்டத்துக்கு உரியவன் அவன். செனரதனின் மைந்தர்க்கு முன்னின்றவன். அவன் சாவு இயற்கையானதா என்னும் ஐயம் தாயின் நெஞ்சில் தைத்தது. அதன்பின் அவள் தேறவில்லை. 1613-ஆம் ஆண்டு ஆடித் திங்களில் அவள் உயிர் நீத்தாள். அப்போது அவளுக்கு முப்பத்தைந்து வயதளவே.

அவள் வாழ்வு முடிந்த இடத்தில் அவள் கதை முடியவில்லை. அவளுடைய இளைய மைந்தனே இரண்டாம் இராசசிங்கன். 1638-ஆம் ஆண்டு பங்குனித் திங்களில் கன்னொறுவையில் போர்த்துக்கேயப் படையை அவன் அழித்தான். தந்துறைக்கு நிகரான வெற்றி அது. ஒல்லாந்தரோடு அவன் செய்த உடன்படிக்கையின் பயனாக, 1658-இல் போர்த்துக்கேயர் இலங்கையைவிட்டே அகன்றனர். அவ்வாண்டு ஒல்லாந்தரிடம் வீழ்ந்த கோட்டைகளுள் மன்னாரும் ஒன்று. தாயைக் கருவியாக்கி வளர்த்த கோட்டை, மகன் காலத்தில் வளர்த்தவர்களின் கைவிட்டுப் போயிற்று. மற்றொரு மைந்தன் விசயபாலனோ தம்பியோடு பகைத்துப் போர்த்துக்கேயரிடமே அடைக்கலம் புகுந்து, கோவாவில் இறந்தான். எல்லை கடந்து ஓடும் விதி அக்குடும்பத்தை விடவில்லை. இராசசிங்கனின் பேரன் நரேந்திரசிங்கன் 1739-இல் பட்டத்துக்குரிய மகவின்றி இறக்கும்வரை, கண்டி அரியணையில் இருந்தது கதரீனாவின் வழியே. அதன்பின் அவ்வரியணை நரேந்திரசிங்கனின் மதுரை நாட்டுத் தேவியுடைய தம்பிக்குச் சென்றது. அப்போதும் அரசுரிமை வந்த வாயில் ஒரு பெண்ணே என்பது நோக்கத்தக்கது.

எங்கள் கரைக்கும் இதில் ஒரு பங்குண்டு. மலைநாட்டுக்குக் கடல் வேண்டும், உப்பு வேண்டும். இரண்டும் புத்தளத்தில் இருந்தன. கண்டியரசரின் துறைமுகங்களுள் புத்தளம் ஒன்று. இங்கு விளைந்த உப்பு மலையேறியது. அதனாலேயே ஒல்லாந்தர், போர்த்துக்கேயரை வென்ற கையோடு 1659-இல் கற்பிட்டியைப் பிடித்தனர். 1667-இல் தொடங்கி 1676-இல் அவர்கள் கட்டி முடித்த கோட்டை இன்றும் களப்பின் வாயிலில் நிற்கிறது. மலைநாட்டின் மூச்சை அடைப்பதற்கென்று எழுந்த கோட்டை அது. கதரீனா அதனைக் கண்டவளல்லள். ஆயினும் மன்னாருக்கும் மலைக்கும் இடையில் இக்கரை எத்தகைய இடம் என்பதை அக்கோட்டை இன்றும் சொல்லிக்கொண்டிருக்கிறது. 1990-இல் அம்மாணவியின் பாட்டி வந்திறங்கியதும் அக்கோட்டை நிற்கும் ஊரிலேதான்.

இத்தனையும் படித்தபின் நான் கண்ட முடிவு இது. விமலதர்மசூரியனுக்கு அவள்மேல் அன்பு இருந்தது என்பதற்குச் சான்று உண்டு. அவளுக்கு அவன்மேல் அன்பு இருந்ததா என்பதற்கு அவள் வாழ்ந்த வாழ்வே சான்று. அவள் சொல் இல்லை. அவளை வளர்த்தவர்கள் அவளைக் கொண்டு மலைநாட்டைப் பெற நினைத்தனர். அவள் அவர்களிடம் மீண்டு செல்ல முயன்றதாகச் செய்தியில்லை. அவர்களை எதிர்த்து நின்ற நாட்டின் அரசியாகவே வாழ்ந்து, அவ்வெதிர்ப்பை முடித்துவைத்த மைந்தனையும் பெற்றாள். இதனைக் காதல் என்பதா, கடமை என்பதா, வேறு வழியின்மை என்பதா? மூன்றும் ஒரு வாழ்வில் கலந்திருத்தல் கூடும். இல்லறத்தில் இருப்போர் இதனை அறிவர். அவள் அரசுரிமையை உறுதிப்படுத்தினாள் என்னும் ஒரு வாக்கியத்தில் அவளை அடக்குதல் மட்டும் தகாது.

சென்ற வாரம் அம்மாணவியை அழைத்து இவற்றையெல்லாம் சொன்னேன். முன்பு அவள் கேட்டபோது தட்டிக் கழித்தது என் பிழை என்பதையும் சொன்னேன். அவள் பொறுமையாகக் கேட்டாள். அரசியின் சொல் ஏன் கிடைக்கவில்லை என்று மட்டும் வினவினாள். அருகிலிருந்தவர் எவரும் அவளைக் கேட்டு எழுதிவைக்கவில்லை என்றேன்.

மூன்று நாட்களுக்குப்பின் ஓர் அப்பியாசக் கொப்பியை என் மேசைமேல் வைத்தாள். படகேறிய இரவைப் பற்றித் தன் பாட்டியிடம் கேட்டு அவள் எழுதிய பதினொரு பக்கங்கள் அதில் இருந்தன. அப்பாட்டி அன்று எதை விரும்பினார், எதற்கு அஞ்சினார், யாரை விட்டுவர மனமின்றி நின்றார் என்பவை எல்லாம் அவர் வாய்மொழியாகவே இருந்தன. அவற்றை இங்கு எழுத எனக்கு உரிமையில்லை. அவை அக்குடும்பத்துக்கு உரியவை. எழுத்துப் பிழைகளை மட்டும் திருத்திக் கொப்பியைத் திருப்பிக் கொடுத்தேன். பாட்டியின் பேச்சு மொழியில் கைவைக்கவில்லை.